காலத் தம்பன ஏடு: மந்திரம் என்று நினைத்ததும் அங்கே உண்மையில் எழுதியிருந்ததும்

செட்டிநாட்டில் பழைய வீடு ஒன்று பூட்டிக் கிடந்தால் போதும், அதன் பெட்டகத்துக்குள் யாராவது ஒரு மாயச் சுவடியை வைத்துவிடுவார்கள். கானாடுகாத்தான், தேவகோட்டை, கோட்டையூர் என்று ஊர் மாறும், கதை மாறாது. ஒரு சித்தர் எழுதிய ஓலை, புரியாத எழுத்து, அதை முறைப்படி ஓதினால் காலம் நிற்கும் அல்லது பின்னோக்கிப் போகும். இந்த ஏட்டுக்கு ஆளுக்கொரு பெயர் சொல்கிறார்கள். ‘காலத் தம்பன ஏடு’ என்பதுதான் எனக்குப் பிடித்த பெயர். தம்பனம் என்றால் ஓடுவதை நிறுத்துவது. மந்திர நூல்கள் சொல்லும் அஷ்டகர்மங்களில் அதுவும் ஒன்று.

இப்படி ஒரு சுவடி கிடையாது, அது கட்டுக்கதை. ஆனால் காலத்தைப் பற்றிய ஓலைகள் தமிழ்நாட்டில் நிறையவே உண்டு. அவற்றில் ஒரு வகை, படிப்பவர் காதுக்கு மந்திரம் போலவே ஒலிக்கும். அந்த ஓலையில் இருப்பது என்ன, அது எப்படி வேலை செய்கிறது என்பதுதான் இந்தக் கட்டுரை. நாலாம் வகுப்புக் கூட்டல் கழித்தல் தெரிந்தால் போதும்.

இழை எடுக்கும் நாள்

நகரத்தார் வீட்டுப் பிள்ளைகளுக்குப் பிள்ளையார் நோன்பைப் பற்றிச் சொல்ல வேண்டியதில்லை. மற்றவர்களுக்காகச் சுருக்கமாக: திருக்கார்த்திகையிலிருந்து நாளுக்கு ஒன்றாகப் புது வேட்டியிலிருந்து நூலிழை எடுத்து வைப்பார்கள். 21 இழை சேர்ந்ததும் திரியாக்கி, மாவில் பிடித்த பிள்ளையாரில் வைத்து ஏற்றி, சுடரோடு வாயில் போட்டுக்கொள்வார்கள். நோன்பு நாளுக்கு இலக்கணம், சஷ்டித் திதியும் சதய நட்சத்திரமும் கூடியிருப்பது.

இங்கே இரண்டு சொற்களுக்குப் பொருள் தெரிய வேண்டும். நிலா வானத்தில் சூரியனைவிட வேகமாக நகர்கிறது. அமாவாசையன்று இரண்டும் ஒரே திசையில் இருக்கும். பிறகு நிலா முந்திச் செல்லும். அப்படி முந்தும் ஒவ்வொரு 12 டிகிரியும் ஒரு திதி. முழு வட்டத்துக்கு 30 திதி. அதே வட்டத்தைச் சூரியனைப் பார்க்காமல் 27 சம பங்காக வெட்டினால் ஒவ்வொரு பங்கும் ஒரு நட்சத்திரம். 13 டிகிரி 20 கலை அகலம். 60 கலை சேர்ந்தது ஒரு டிகிரி. இன்றைய நட்சத்திரம் ரோகிணி என்றால் நிலா இன்று ரோகிணிப் பங்கில் நிற்கிறது என்று பொருள். அவ்வளவுதான், அதில் வேறு மர்மம் எதுவும் இல்லை.

இப்போது 21 என்ற எண்ணைப் பாருங்கள். திருக்கார்த்திகை, பௌர்ணமியை ஒட்டிக் கார்த்திகை நட்சத்திரம் வரும் நாள். கார்த்திகை மூன்றாவது நட்சத்திரம், சதயம் இருபத்து நான்காவது, இடைவெளி 21. பௌர்ணமி பதினைந்தாவது திதி. அடுத்த வளர்பிறைச் சஷ்டி அதிலிருந்து தேய்பிறையின் 15, வளர்பிறையின் 6, ஆக 21 திதி தள்ளி வருகிறது. ஒரு நட்சத்திரம் சராசரியாக ஒரு நாளுக்குச் சற்று மேல், ஒரு திதி ஒரு நாளுக்குச் சற்றுக் கீழ். ஆகவே 21 நட்சத்திரம் சுமார் 21.25 நாள், 21 திதி சுமார் 20.67 நாள். இரண்டும் இருபத்தோராம் நாளை ஒட்டியே முடிகின்றன. எண்ணி எடுக்கும் இழைகளும் வானத்து நிலாவும் ஒரே கணக்கைச் சொல்கின்றன. இந்த நோன்பை வகுத்தவருக்கு வானம் நன்றாகத் தெரிந்திருக்கிறது என்று நினைக்கிறேன்.

ஆனால் இது சராசரிக் கணக்கு. குறிப்பிட்ட ஓர் ஆண்டில் சஷ்டி எத்தனை நாழிகைக்குத் தொடங்குகிறது, அப்போது சதயம் இருக்கிறதா என்று கேட்டால் சராசரி கைகொடுக்காது. நிலாவின் இடம் அந்த நாளுக்கு, அந்த நேரத்துக்குத் தெரிய வேண்டும். (நாழிகை என்பது நாளில் அறுபதில் ஒரு பங்கு, 24 நிமிடம்.)

சீராக ஓடாத நிலா

நிலாவின் பாதை சரியான வட்டம் அன்று. ஒரு பக்கம் பூமிக்கு அருகில், மறுபக்கம் தொலைவில். தொலைவில் இருக்கும்போது மெதுவாகவும் அருகில் வரும்போது வேகமாகவும் செல்கிறது. மெதுவான நாட்களில் ஒரு நாளைக்குச் சுமார் 12 டிகிரி. வேகமான நாட்களில் 14 டிகிரிக்கு மேல். பூமியிலிருந்து மிகத் தொலைவில் இருக்கும் இடத்தைச் சேய்மைப் புள்ளி என்போம். அங்கிருந்து கிளம்பி மறுபடி அங்கேயே வந்து சேர நிலாவுக்குச் சராசரியாக 27.5546 நாள் ஆகிறது.

இந்தப் பின்னம்தான் தொல்லை. வேகம் கூடிக் குறையும் சுற்று ஒன்று முடியும்போது நாள் முழுசாக முடிவதில்லை. அரை நாளுக்குச் சற்று மேல் தொக்கி நிற்கிறது. ஆனால் இப்படி ஒன்பது சுற்றுகளைச் சேர்த்துப் பார்த்தால் 247.99 நாள் வருகிறது. ஏறக்குறைய முழு 248. அதாவது இன்று நிலா எந்த வேகத்தில் போகிறதோ, 248 நாள் கழித்து இதே நேரத்தில் ஏறக்குறைய அதே வேகத்தில் போகும். ஒருமுறை 248 நாளுக்கான அட்டவணை போட்டுவிட்டால் அதையே திரும்பத் திரும்பப் பயன்படுத்தலாம்.

நிறுத்திச் சொன்னால்: நோன்பு நாள் நிலாவின் இடத்தைப் பொறுத்தது, நிலா ஒரே வேகத்தில் போவதில்லை, ஆனால் அந்த வேக மாற்றம் 248 நாளுக்கு ஒருமுறை திரும்பி வருகிறது.

பெட்டியடிப் பையனின் வட்டிக் கணக்கு

பர்மாவிலும் இலங்கையிலும் மலாயாவிலும் நகரத்தார் நடத்திய லேவாதேவிக் கடைகளில் மேலாள், அடுத்தாள் என்று வரிசை உண்டு. அதில் கடைசியாகத் தொழில் பழக வருபவன் பெட்டியடிப் பையன். அவனிடம் 1,247 ரூபாய்க்கு இத்தனை நாள் வட்டி என்ன என்று கேட்டால் அவன் எப்படிப் போடுவான்? ஆயிரத்துக்கு இவ்வளவு, நூற்றுக்கு இவ்வளவு, பத்துக்கு இவ்வளவு என்று வாய்ப்பாடு முன்பே தயாராக இருந்தால், ஆயிரம், இருநூறு, நாற்பது, ஏழு என்று தொகையை உடைத்து ஒவ்வொன்றுக்கும் உள்ளதை எடுத்துக் கூட்டினால் போதும். வட்டியின் தத்துவம் அவனுக்குத் தெரிய வேண்டிய அவசியமில்லை. அதைத் தெரிந்த ஒருவர் எப்போதோ வாய்ப்பாட்டைப் போட்டு வைத்திருக்கிறார்.

நிலாக் கணக்கும் இதே வழியில்தான் போகிறது. முதலில், ஒரு குறித்த தொடக்க நாளிலிருந்து இன்றுவரை எத்தனை நாள் கடந்திருக்கிறது என்று எண்ணுவார்கள். அந்த நாள்தொகைக்கு அகர்கணம் என்று பெயர். அதிலிருந்து பெரிய கட்டுகளைக் கழிப்பார்கள். எளிதாக இருக்கட்டும் என்று 1,000 நாளை எடுத்துக்கொள்வோம். 248ஐ நான்கு முறை கழித்தால் 992, மீதி 8. அட்டவணையில் எட்டாவது வரியைப் பார்க்க வேண்டும். அங்கே இருப்பது எட்டு நாளில் நிலா நகரும் தூரம். சேய்மைப் புள்ளியும் மெல்ல முன்னே நகர்வதால், ஒவ்வொரு 248 நாள் கட்டிலும் நிலா ஒன்பது முழுச் சுற்று சுற்றி, கூடுதலாக 27 டிகிரி 44 கலை முன்னேறியிருக்கும். நான்கு கட்டுக்கு 110 டிகிரி 56 கலை. இதை எட்டாவது வரியோடு கூட்டி, தொடக்க நாளில் நிலா இருந்த இடத்தையும் சேர்த்தால் விடை வந்துவிடும். கழித்தல், தேடல், கூட்டல். பெருக்கல்கூட நாலால்தான்.

247.99 என்பது 248 ஆகாது என்று சிலர் கேட்பீர்கள். சரியான கேள்வி. பல ஆண்டுகள் போனால் அந்தச் சிறு பிசகு பெருகும். அதற்காகத்தான் இன்னும் நேர்த்தியான பெரிய கட்டுகள் வைத்திருந்தார்கள்: 3,031 நாளுக்கு 110 சுற்று, 12,372 நாளுக்கு 449 சுற்று. பெரியதை முதலில் கழித்து, மீதியில் அடுத்ததைக் கழித்து, கடைசியில் 248க்கு வருவார்கள். ஆயிரம், நூறு, பத்து என்று இறங்கும் அதே வரிசை.

எண்ணுக்கு மந்திர வேடம்

இப்போதுதான் மாயச் சுவடியின் வாசலுக்கு வருகிறோம். 248 வரி எண்களை மனப்பாடம் செய்வது கடினம். ஓலையில் படியெடுக்கும்போது ஓர் எண் மாறினாலும் யாருக்கும் தெரியாது. ஆகவே ஒவ்வொரு எண்ணையும் ஒரு சிறு வடமொழி வாக்கியமாக மாற்றினார்கள். அதனால்தான் இந்த முறைக்கு வாக்கிய முறை என்று பெயர். நிலாவுக்கான இந்த 248 வாக்கியங்களை வரருசி இயற்றியதாக மரபு சொல்கிறது.

முதல் நான்கு வாக்கியங்கள் இவை:

கீர்ந: ச்ரேய:
தேநவ: ஸ்ரீ:
ருத்ரஸ்து நம்ய:
பவோ ஹி யாஜ்ய:

விளக்கு வெளிச்சத்தில் ஒருவர் இதை உரக்கப் படித்தால் எனக்கும் உடல் சிலிர்க்கும். ருத்ரன் பெயர் வருகிறது, வணக்கம் வருகிறது, வேள்வி வருகிறது. ஆனால் இது வழிபாடு இல்லை. ஒவ்வொரு மெய்யெழுத்துக்கும் ஓர் இலக்கம் தரும் கடபயாதி என்ற குறிமுறை இதற்குள் இருக்கிறது. வடமொழி எழுத்து வரிசையில் க, ட, ப, ய ஆகிய நான்கிலிருந்தும் ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணத் தொடங்க வேண்டும், அதுதான் பெயர்க்காரணம். ஞ, ந போன்றவை சுழியம். கூட்டெழுத்தாக இருந்தால் கடைசி மெய் மட்டும் கணக்கு. கிடைத்த இலக்கங்களை வலமிருந்து இடமாகப் படிக்க வேண்டும்.

முதல் வாக்கியத்தைப் பிரிப்போம். ‘கீ’ இங்கே ‘கங்கை’யின் முதல் ஒலி, க வரிசையில் மூன்றாவது: 3. ‘ர்ந’வில் கடைசி மெய் ந: 0. ‘ச்ரே’யில் கடைசி மெய் ர: 2. ‘ய’: 1. ஆக 3, 0, 2, 1. திருப்பிப் படித்தால் 1203. அதாவது 12 டிகிரி 03 கலை. சேய்மைப் புள்ளியிலிருந்து கிளம்பிய நிலா முதல் நாளில் நகர்ந்த தூரம். இரண்டாவது வாக்கியம் இதே வழியில் 24 டிகிரி 09 கலை. மூன்றாவது 36 டிகிரி 22 கலை, நான்காவது 48 டிகிரி 44 கலை (ஓலைக் கணக்கில் 30 டிகிரி கொண்ட ராசியாகப் பிரித்திருக்கும், நான் சேர்த்துச் சொல்கிறேன்).

அடுத்தடுத்த வரிகளைக் கழித்துப் பாருங்கள். இரண்டாம் நாளில் 12 டிகிரி 06 கலை, மூன்றாம் நாளில் 12 டிகிரி 13 கலை, நான்காம் நாளில் 12 டிகிரி 22 கலை. வேகம் மெல்ல மெல்லக் கூடுகிறது. பூமியை நோக்கி வரும் நிலா அப்படித்தான் செய்ய வேண்டும். ஓலை எழுதியவருக்கு ஈர்ப்பு விதி தெரியாது. நிலாவின் நடை தெரிந்திருந்தது. ‘காலத்தைக் கட்டும் மந்திரம்’ என்று விற்கப்படும் கதையைவிட இது எனக்குப் பெரிய வியப்பாகத் தெரிகிறது. கேரளத்துச் சங்கமகிராமத்து மாதவன் பிற்காலத்தில் இந்த 248 எண்களையும் இன்னும் நுட்பமாகத் திருத்திப் புதிய வாக்கியங்கள் செய்தார். தமிழகத்தில் சுமார் 1300ஐ ஒட்டி இந்த முறையை விளக்கும் ‘வாக்கிய கரணம்’ என்ற நூல் தோன்றியது.

மர்மம் கூடுவதற்கு இன்னொரு காரணமும் உண்டு. நான்கு விதமான ககரத்துக்கும் நான்கு வேறு எண் வேண்டும். தமிழ் எழுத்தில் ஒரே ‘க’தான் இருக்கிறது. அதனால் இவற்றைக் கிரந்த எழுத்தில் எழுதினார்கள். தமிழ் போலத் தெரிந்து தமிழாக இல்லாத அந்த எழுத்தை இன்று படிப்பவர் மிகக் குறைவு. போதாக்குறைக்குக் கட்டுகளின் நாள்தொகைக்கும் இப்படியே சொற்கள். 248க்குத் ‘தேவரம்’, 3,031க்குக் ‘காலாநிலம்’. பாதி படிக்கத் தெரிந்த ஒருவர் ‘காலா’ என்று எழுத்துக்கூட்டி விட்டால் போதும், மிச்சத்தை ஊர் எழுதிக்கொள்ளும்.

இதுவரை பார்த்தது: வாக்கியம் என்பது எண், ஓலை என்பது அட்டவணை, ஓதுவது என்பது மனப்பாடம்.

காலத்தில் பின்னோக்கிப் போவது

கதையில் வரும் ஏடு காலத்தைத் திருப்பும். உண்மையான ஏடும் ஒரு வகையில் திருப்பும். அட்டவணைக்கு எதிர்காலம், கடந்தகாலம் என்ற வேற்றுமை இல்லை. நாள்தொகையைக் குறைத்துப் போட்டால் எழுநூறு ஆண்டுக்கு முந்தைய நிலா கிடைக்கும்.

இதன் பயனைப் பாண்டிநாட்டுக் கோயில் சுவர்களில் பார்க்கலாம். பிற்காலப் பாண்டியர் கல்வெட்டுகள் ஆங்கில ஆண்டு சொல்லுவதில்லை. ‘கோமாறபன்மர்க்கு யாண்டு இத்தனையாவது’ என்று மன்னரின் ஆட்சியாண்டைச் சொல்லி, கூடவே மாதம், பட்சம், திதி, கிழமை, நட்சத்திரம் தரும். ஒரே பெயரில் பல பாண்டியர்கள் வேறு! ஆனால் குறித்த திதியும் குறித்த நட்சத்திரமும் குறித்த கிழமையில் கூடுவது எல்லா ஆண்டும் நடப்பதில்லை. நிலாவைப் பின்னோக்கி ஓட்டிப் பார்த்து, பல கல்வெட்டுகளின் விவரங்களும் ஒரே கணக்கில் பொருந்தும் ஆண்டுகளைத் தேடினால், மன்னர் எந்த ஆண்டு அரியணை ஏறினார் என்பது பிடிபடும். கீல்ஹார்ன் போன்ற ஆய்வாளர்கள் இந்த வழியில்தான் பாண்டியர் காலவரிசையைக் கட்டினார்கள். எல்.டி. சுவாமிக்கண்ணுப் பிள்ளை 1922இல் வெளியிட்ட பல தொகுதி இந்தியப் பஞ்சாங்கத் தொகுப்பு இன்றும் கல்வெட்டு ஆய்வாளர் மேசையில் இருக்கிறது.

எங்கே பிசகுகிறது

1825இல் சென்னையில் வெளியான ‘காலசங்கலித’ என்ற நூலில் ஜான் வாரன் என்ற ஆய்வாளர் ஒரு நிகழ்ச்சியைப் பதிவு செய்திருக்கிறார். புதுச்சேரியைச் சேர்ந்த தமிழ்ப் பஞ்சாங்கக் கணிதர் ஒருவர், தரையில் சோழிகளை வைத்தும் மனப்பாட அட்டவணைகளைக் கொண்டும் அந்த ஆண்டு மே 31, ஜூன் 1 இரவில் நிகழ்ந்த சந்திர கிரகணத்தைக் கணித்துக் காட்டினார். பின்னாளில் சரிபார்த்தபோது தொடக்கத்தில் 4 நிமிடமும், நடுவில் 23 நிமிடமும், முடிவில் 52 நிமிடமும் பிசகியிருந்தது தெரிந்தது. சோழிக் கணக்குக்கு இது மோசமில்லை.

ஆனால் சஷ்டி, அஷ்டமி போன்ற திதிகளில் வாக்கியப் பஞ்சாங்கமும் திருக்கணிதப் பஞ்சாங்கமும் பல மணி நேரம் வேறுபடுகின்றன. (திருக்கணிதம் என்பது இன்றைய வானியல் அளவுகளைக் கொண்டு கணிப்பது.) பௌர்ணமிக் கிரகணத்தில் நிமிடப் பிசகு, அஷ்டமியில் மணிக்கணக்கில் பிசகு, ஏன்?

நிலாவைப் பூமி மட்டும் இழுக்கவில்லை, சூரியனும் இழுக்கிறது. அந்த இழுப்பால் நிலாவின் வேக மாற்றமே கூடிக் குறைகிறது. அமாவாசை, பௌர்ணமியில் நிலா சராசரி இடத்திலிருந்து அதிகபட்சம் சுமார் 5 டிகிரி விலகும். அரைநிலா நாட்களில் ஏழரை டிகிரி வரை விலகும். பழைய கணிதர்கள் தங்கள் கணக்கைச் சரிபார்த்தது கிரகணங்களைக் கொண்டு. கிரகணம் அமாவாசையிலும் பௌர்ணமியிலும் மட்டும்தான் வரும். ஆகவே அவர்கள் அட்டவணையில் 5 டிகிரியே பதிந்தது. அரைநிலாவை நெருங்கும்போது இரண்டு டிகிரிக்கு மேல் விட்டுப்போகலாம். நிலா சூரியனை முந்துவது மணிக்கு அரை டிகிரி. எனவே திதி தொடங்கும் நேரம் நான்கைந்து மணி வரை தள்ளிப்போகக்கூடும். பிள்ளையார் நோன்பின் சஷ்டி, அரைநிலாவை நெருங்கும் திதி. ஆகவே இரண்டு பஞ்சாங்கமும் கருத்து வேறுபடுவதற்கு அது தோதான இடம். வீட்டுக்கு வீடு வாக்குவாதம் நடந்தால் அதில் யாருடைய பக்தியும் குறைவில்லை, சூரியனின் இழுப்புதான் குற்றவாளி.

எது சரி என்றால், வானத்தில் நிலா எங்கே இருக்கிறது என்ற கேள்விக்குத் திருக்கணிதம்தான் சரி. நோன்பை எந்தக் கணக்கில் கொண்டாடுவது என்பது வேறு கேள்வி; அதை அந்தந்தக் கோயிலும் குடும்பமும் வழக்கப்படி முடிவு செய்துகொள்ளலாம். பாம்புப் பஞ்சாங்கம் போன்ற வாக்கியப் பஞ்சாங்கங்கள் இன்றும் அச்சாகி விற்பது அந்த வழக்கத்தால்தான்.

வீட்டில் ஓர் ஏடு கிடைத்தால்

‘இரண்டாயிரம் ஆண்டுப் பழைய ஓலை’ என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம். நம் வெப்பத்திலும் ஈரத்திலும், பூச்சிக்கும் தப்பி, ஓலை சில நூற்றாண்டு நின்றாலே பெரிது. பழைய நூல்கள் நமக்குக் கிடைத்ததெல்லாம் படிக்குமேல் படியெடுத்ததால். செட்டிநாட்டு வீடுகளில் கிடைக்கும் ஓலைகளில் பெரும்பகுதி மந்திரத்துக்கு வெகுதூரத்தில் இருக்கும்: சாதகம், கணக்கு, கடன் முறி, கல்யாணத்தில் எழுதிய இசைகுடிமானம்.

ஒட்டிக்கொண்டிருக்கும் ஓலைகளைப் பிய்க்கக் கூடாது. தண்ணீரில் கழுவக் கூடாது. கயிற்றை உருவி வரிசையைக் கலைக்கவும் கூடாது. கலைந்த சுவடியை மறுபடி அடுக்குவது படிப்பதைவிடக் கடினம். எழுத்து மங்கியிருந்தால் நல்ல வெளிச்சத்தில் சாய்வாகப் பிடித்துப் புகைப்படம் எடுக்கலாம். எழுத்தாணி கீறிய பள்ளம் நிழலில் தெரியும். சென்னை அரசினர் கீழ்த்திசைச் சுவடிகள் நூலகம், தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்தின் ஓலைச்சுவடித் துறை, சரசுவதி மகால் நூலகம் ஆகியவற்றில் கிரந்தம் படிப்பவர்கள் இருக்கிறார்கள்.

படமெடுக்கும்போது இன்னொன்றையும் கவனியுங்கள். சிறுசிறு வாக்கியங்கள் வரிசையெண்ணோடு வந்து, முதல் வாக்கியம் ‘கீர்ந:’ என்று தொடங்கி, மொத்தம் 248இல் முடிந்தால், அது நிலாவின் அட்டவணை. அதைக் காலத் தம்பன ஏடு என்று யாராவது விலைபேசினால், முப்பத்தேழாவது வரிக்கு எத்தனை டிகிரி என்று கேட்டுப் பாருங்கள்.